நாவாய்க்கு முன்னால் ஒரு வத்தை

இராமநாதபுரத்தில் நாவாய் அருங்காட்சியகம் அமைக்கவிருக்கும் தமிழ்நாடு தொல்லியல் துறையினருக்கும், அதன் கூடங்களில் என்ன வைப்பது என்று தீர்மானிக்கப் போகும் வல்லுநர்களுக்கும்,

வணக்கம்.

2025 மார்ச் 14ஆம் தேதி சட்டமன்றத்தில் நிதிநிலை அறிக்கை வாசித்துக்கொண்டிருந்தபோது நான் இராமநாதபுரத்தில் ஒரு டீக்கடையில் இருந்தேன். தொலைக்காட்சியின் அடியில் எழுத்து ஓடியது: இராமநாதபுரத்தில் 21 கோடி ரூபாயில் நாவாய் அருங்காட்சியகம். டீ ஆற்றிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து பார்த்து, "நாவாய்னா என்னண்ணே?" என்றார். "கப்பல்தாம்ப்பா. அந்தக் காலத்துக் கப்பல், பாய் கட்டி ஓடுனது" என்றேன். "அப்ப நம்ம வத்தை மாதிரியா?" என்று எங்கள் கரையின் மீன்பிடிப் பாய்ப்படகைச் சொல்லிக் கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் அடுத்த கிளாஸுக்குப் போய்விட்டார்.

அன்றைக்கு அவருக்கு என்னால் பதில் சொல்ல முடியவில்லை. ஓராண்டாக அதே கேள்வி தலைக்குள் கிடக்கிறது. அதை இப்போது உங்களிடம் கொண்டுவருகிறேன்.

நான் ஆய்வாளன் இல்லை. கூட்டுறவுச் சங்கமொன்றில் கணக்கெழுதி ஓய்வு பெற்றவன். ஆனால் அம்மாவைப் பெற்ற தாத்தா ஓடாவி. தொண்டிக்குத் தெற்கே கடற்கரையில் ஒரு பனையோலைக் கொட்டகையில் வத்தை கட்டிக்கொண்டிருந்தவர். பள்ளி விடுமுறை முழுக்க அந்தக் கொட்டகையில்தான் கழியும். இழைப்புச் சுருளும், குங்கிலியமும் எண்ணெயும் சேர்ந்து காயும் வாடையும் இன்றும் எங்காவது மூக்கில் பட்டால் வயது ஐம்பது குறைந்துவிடும். அந்த உரிமையில்தான் எழுதுகிறேன்.

முதலில் என் பயத்தைச் சொல்லிவிடுகிறேன். நாவாய் அருங்காட்சியகம் என்றதும் பலருக்கும் மனதில் வருவது ஒரே கப்பல்தான்: முகப்பில் வாய் பிளந்த யாளியோ புலியோ, மேலே புலிக்கொடி, காற்றில் புடைத்த வெள்ளைப் பாய், பக்கவாட்டில் வரிசையாகத் துடுப்பு. பொருட்காட்சித் திடலிலும் ஊர்வல வண்டியிலும் காலண்டரிலும் பார்த்துப் பார்த்து அது உண்மை என்றே நமக்கெல்லாம் ஆகிவிட்டது. அருங்காட்சியகத்தின் வாசலில் அதையே சிமென்ட்டில் செய்து வைத்து, முன்னால் ஒரு செல்பி மேடையும் போட்டுவிடுவீர்களோ என்பதுதான் பயம்.

சோழனின் கப்பல் எப்படி இருந்தது என்று நமக்கு யாருக்கும் தெரியாது. இது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. இராசேந்திரன் 1025 வாக்கில் கடாரத்தின் மேல் படை அனுப்பினான். அலைகடல் நடுவில் பல கலம் செலுத்தியதாக மெய்க்கீர்த்தி சொல்கிறது. வென்ற ஊர்களின் பெயரை ஒவ்வொன்றாக அடுக்குகிற அந்த மெய்க்கீர்த்தி, போன கலம் எத்தனை முழம், எத்தனை பாய்மரம், ஆணி அடித்ததா கயிற்றால் தைத்ததா என்று ஒரு சொல்லும் சொல்லவில்லை. அரசனைப் புகழ வந்த புலவனுக்குத் தச்சுக் கணக்கு எதற்கு? அந்தப் படையில் போன ஒரு கலத்தின் பலகைகூட இதுவரை நமக்குக் கிடைக்கவில்லை.

மற்றபடி கையில் என்ன இருக்கிறது? சாதவாகனர் காசில் இரண்டு பாய்மரம் நட்ட ஒரு கப்பல் இருக்கிறது, பல்லவர் காசென்று சொல்லப்படுபவற்றிலும் இருக்கிறது. கட்டைவிரல் நகத்தளவு உலோகத்தில் குத்திய உருவத்தை வைத்து என்ன அளவெடுப்பது? அப்புறம் நம் மாவட்டத்து அழகன்குளம். வைகை கடலில் சேரும் இடத்தில் 1980களிலிருந்து உங்கள் துறையே பலமுறை தோண்டிய ஊர். அங்கே கிடைத்த ஒரு பானை ஓட்டில் யாரோ கப்பல் கீறியிருக்கிறார்கள். அதைப் பார்த்த அறிஞர்கள் ரோமானியரின் பெருங்கலம் என்று கருதுகிறார்கள். எனக்கு இதில் வருத்தமே இல்லை. துறைமுகத்தில் உட்கார்ந்திருந்த ஒருவன் தன் ஊர்த் தோணியை வரையாமல், வந்து நின்ற வெளியூர்க் கப்பலை வாய் பிளந்து பார்த்து வரைந்திருக்கிறான். நானும் சின்ன வயதில் நோட்டுப் புத்தகத்தில் வத்தை வரைந்ததில்லை. ஆகாய விமானம்தான் வரைந்தேன்.

பூம்புகாரிலும் இதுதான் நடந்தது. கடலுக்குள் பழைய பட்டினத்தைத் தேடி இறங்கியவர்களுக்கு ஒரு கப்பல் சிதைவு தட்டுப்பட்டது. உள்ளே ஈயக் கட்டிகள். கட்டிகளின் மேல் ஆங்கில எழுத்தில் ஒரு பெயரும் 1791, 1792 என்ற ஆண்டுகளும். சோழனைத் தேடிப் போனவர்களுக்குக் கிடைத்தது ஐரோப்பியச் சரக்கு. கடல் நம் விருப்பத்தைக் கேட்டுக்கொண்டு எதையும் பத்திரப்படுத்துவதில்லை.

நம் பக்கத்துக் கரையில் உண்மையாகக் கிடைத்த பழங்கலங்களில் ஒன்று கேரளத்தில் சேர்த்தலைக்கு அருகே கடக்கரப்பள்ளியில் 2002, 2003 வாக்கில் தோண்டியெடுத்தது. ஒரு காலத்தில் காயலாகவோ கடலாகவோ இருந்து, இன்று தென்னந்தோப்பாகிவிட்ட நிலத்துக்குள் ஏறத்தாழ 18 மீட்டர் நீளத்தில் அடி தட்டையான ஒரு மரக்கலம் புதைந்து கிடந்தது. அடி தட்டை என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். ஆழமில்லாத தண்ணீரில் ஓட வேண்டிய கலத்துக்கு அடி தட்டையாகத்தான் இருக்க வேண்டும்.

வத்தைக்கும் அடி தட்டை. பாக் நீரிணையைப் பற்றி உங்களுக்குத் தெரியும். பல இடங்களில் பத்து மீட்டர்கூட ஆழமில்லாத கடல். வாடைக் காற்றில் ஒரு முகம், சோழகத்தில் ஒரு முகம். ஏரா என்கிற அடிமரம் ஆழமாக இறங்கிய கலம் இங்கே மணல் திட்டில் உட்கார்ந்துவிடும். அதனால் அடியைத் தட்டையாக்கி, பக்கங்களை ஏறக்குறையப் பெட்டி போல நிறுத்தி, நீளத்தைக் கூட்டி, மூன்று பாய்மரம் வரை நட்டார்கள். தட்டை அடியில் இவ்வளவு பாய் விரித்தால் கவிழாதா? அதற்கும் வழி வைத்திருந்தார்கள். கலத்தின் குறுக்கே, இரண்டு பக்கமும் வெளியே நீள்கிற மாதிரி ஒரு நீளப் பலகை. காற்று எந்தப் பக்கமிருந்து அடிக்கிறதோ அந்தப் பக்கத்து நுனிக்கு ஒரு ஆள் நகர்ந்து போய்த் தண்ணீருக்கு மேலே உட்கார்ந்துகொள்வார். காற்று கூடினால் இன்னொரு ஆள். மனித எடையே தராசுக் கல். என் மாமா ஒருவர் அந்தப் பலகை நுனியில் உட்கார்ந்தபடியே தூங்குவார் என்று வீட்டில் ஒரு கதை உண்டு. நம்ப வேண்டியதில்லை.

தாத்தாவின் கொட்டகையில் ஒரு பலகை இருந்தது. அதைப் பற்றிச் சொல்லத்தான் இந்தக் கடிதமே.

ஏழடி நீளம், ஒன்றரை முழ அகலம். அதன் முகத்தில் உளியால் கீறிய கோடுகள். வெங்காயத்தைப் பாதியாக நறுக்கினால் தெரிகிற அடுக்கு மாதிரி ஒன்றுக்குள் ஒன்றாக வளைவுகள். ஒவ்வொரு வளைவும் ஒரு வங்கின் பாதி வடிவம். வங்கு என்றால் கலத்தின் விலா. நடுவில் வரும் வங்கு எல்லாவற்றிலும் அகலமானது. முன்பக்கத்து அணியத்துக்கும் பின்பக்கத்துக் கடையாலுக்கும் போகப் போக அகலம் குறையும், அடி கொஞ்சம் கொஞ்சமாக மேலே ஏறும். எவ்வளவு குறைய வேண்டும், எவ்வளவு ஏற வேண்டும் என்பதற்குப் பலகையின் ஓரத்தில் வெட்டுக்குறிகள். அந்தக் குறிகள் சம இடைவெளியில் இருக்காது. நடுவங்குக்குப் பக்கத்தில் நெருங்கியிருக்கும், போகப் போக விலகும். அதனால்தான் கலத்தின் வயிறு உடையாமல் வழவழவென்று ஒரே ஓட்டமாக வளைகிறது. வாடிக்கையாளர் வந்து "இத்தனை முழம் வேணும்" என்பார். தாத்தா பலகையைத் தரையில் போட்டு ஒரு கயிறும் குச்சியும் வைத்துக்கொண்டு அரை நாள் உட்கார்ந்திருப்பார். அப்புறம் எழுந்து போய் மரம் பொறுக்க ஆரம்பிப்பார். வங்குக்கு நாட்டுக்கருவேலின் வளைந்த கிளை. இயற்கையிலேயே வளைந்திருந்தால்தான் நார் அறுபடாமல் நிற்கும் என்பார். காகிதம், பென்சில், வரைபடம் எதுவும் கிடையாது. தாத்தாவுக்குக் கையெழுத்து மட்டும்தான் போடத் தெரியும்.

எனக்கு இந்தப் பலகையின் பெருமை தெரிந்தது வெகு காலம் கழித்து. ஷான் மெக்ரெய்ல், லூசி புளூ முதலிய மரக்கல ஆய்வாளர்கள் 1990களில் நம் கரைக்கு வந்து வத்தை கட்டுகிறவர்களோடு உட்கார்ந்து இந்த முறையைப் பதிவு செய்திருக்கிறார்கள். அவர்கள் வியந்ததற்குக் காரணம் உண்டு. இந்தியப் பெருங்கடலின் பழைய வழக்கம் பலகையை முதலில் சேர்ப்பது. கலத்தின் வெளிக்கூட்டைத் தயார் செய்துவிட்டுப் பிறகு உள்ளே விலாவைப் பொருத்துவது. சென்னைக் கரையில் அலையைத் தாண்டப் பயன்பட்ட மசூலாப் படகில் விலாவே கிடையாது. பலகையும் பலகையும் தேங்காய்நார்க் கயிற்றால் தைத்திருக்கும், அலை அடித்தால் கூடை மாதிரி நெளியும், உடையாது. ஆனால் வத்தையில் வங்கை முன்கூட்டியே கணக்குப் போட்டு வெட்டி நிறுத்திவிட்டு, அதன் மேல்தான் பலகை அடிக்கிறார்கள். இப்படிக் கணக்குப் போட்டு விலா வெட்டும் முறை 15, 16ஆம் நூற்றாண்டுகளில் மத்தியதரைக் கடல் துறைமுகங்களில் கப்பல் கட்டியவர்களின் முறையோடு ஒத்துப்போகிறது. போர்த்துகீசியர் வழியாக வந்திருக்கலாம் என்பது அவர்கள் கருத்து.

இதைச் சொன்னால் சிலருக்குக் கோபம் வருகிறது. ஒரு கூட்டத்தில் நான் இதைப் பேசியபோது முன் வரிசையிலிருந்த ஒருவர், "தமிழன் கப்பலைப் பறங்கியிடம் கற்றானா?" என்று எழுந்தேவிட்டார். ஐயா, ஐரோப்பாவின் துறைமுகங்களில் அந்த முறை வழக்கொழிந்து எத்தனையோ தலைமுறை ஆகிவிட்டது. மரக்கலமே இரும்பாகி, பாய் நீராவியாகி, காகித வரைபடமும் கணினியும் வந்துவிட்டன. எழுதப் படிக்கத் தெரியாத நம் ஓடாவிகள் அதை வாயாலும் கையாலும் நானூறு ஐநூறு வருடம் காப்பாற்றித் தந்திருக்கிறார்கள். உலகத்தில் எத்தனை கடற்கரைக்கு இப்படிச் சொல்லிக்கொள்ள முடியும்? கடன் வாங்கியதை மறைப்பதில் என்ன கௌரவம் இருக்கிறது?

நம் கடற்கரைச் சொற்களையே பாருங்கள். மாலுமி அரபுச் சொல்லிலிருந்து வந்தது. சுக்கானும் அரபுதான். நங்கூரம் பாரசீக வழி. பீப்பாய் போர்த்துகீசியம். இவற்றையெல்லாம் எடுத்துவிட்டால் கப்பல் கரையை விட்டே கிளம்பாது. அதே சமயம் நம் கப்பல் மலாய் மொழிக்குப் போய் இன்றும் அங்கே 'காப்பால்' என்று ஓடிக்கொண்டிருக்கிறது. கட்டுமரம் ஆங்கிலத்துக்குப் போய் இரட்டை உடல் கொண்ட உல்லாசப் படகாகிவிட்டது. கீழக்கரை மரைக்காயர் ஒருவர் தன் திண்ணையில் உட்கார்ந்து அரபியோடும் டச்சுக்காரனோடும் விலை பேசிய கடற்கரை இது. இங்கே 'தூய' கப்பல் ஒன்றைத் தேடினால் கிடைக்காது.

கரையின் அந்தப் பக்கத்துக் கதையும் உங்கள் கூடத்தில் வர வேண்டும். வல்வெட்டித்துறையில் கட்டிய 'அன்னபூரணி' என்ற இரட்டைப் பாய்மரக் கப்பலை வில்லியம் ஆல்பர்ட் ராபின்சன் என்ற அமெரிக்கர் விலைக்கு வாங்கினார். ஏற்கெனவே சின்னப் படகில் உலகைச் சுற்றி வந்த மனிதர். மரக்கலத்தின் தரம் தெரியாமல் காசு கொடுத்திருக்க மாட்டார். அந்தக் கப்பல் 89 அடி நீளம். வல்வெட்டித்துறைத் தமிழர்களே அதைச் சூயஸ் கால்வாய் தாண்டி, மத்தியதரைக் கடல் தாண்டி, அட்லாண்டிக்கையும் கடந்து, 1938 ஆகஸ்டில் மாசசூசெட்ஸில் உள்ள குளோஸ்டர் துறைமுகத்தில் கொண்டுபோய்க் கட்டினார்கள். பெயரை 'புளோரன்ஸ் சி. ராபின்சன்' என்று மாற்றியிருந்தார்கள். அன்னபூரணியின் பாய் அமைப்பைப் பார்த்தால் ஐரோப்பிய மாதிரி. கட்டிய கை, ஓட்டிய கை இரண்டும் யாழ்ப்பாணத்துக் கை. கடாரத்துக்கு ஆயிரம் வருடத்துக்கு முன் போன கலத்தின் உருவத்தை நாம் கற்பனை செய்துகொண்டிருக்கிறோம். நம் பாட்டன் காலத்தில் அமெரிக்காவுக்குப் போன கலத்துக்கு நாள், நீளம், வந்தடைந்த துறைமுகம் எல்லாம் இருக்கிறது. அதற்கு உங்கள் கட்டடத்தில் ஒரு சுவராவது கொடுங்கள்.

தூத்துக்குடித் தோணியை நான் விரித்துச் சொல்லப் போவதில்லை. அதற்கென்று அந்த ஊரில் ஆட்கள் இருக்கிறார்கள். மாலத்தீவுக்குச் சரக்கேற்றும் தோணிகள் இன்றும் அங்கே உண்டு, ஆனால் எஞ்சினில் ஓடுகின்றன. பருமல் என்ற குறுக்குக் கழியில் பாய் கட்டி, ஆஞ்சான் கயிற்றை நாலு பேர் சேர்ந்து இழுத்து ஏற்றிய தண்டல்களில், அதாவது தோணித் தலைவர்களில், எத்தனை பேர் மிச்சம் என்பதை யாராவது இப்போதே போய்க் கேட்டுவைத்தால் நல்லது.

வெளிநாட்டில் என்ன செய்திருக்கிறார்கள் என்று அதிகாரிகள் பொதுவாகக் கேட்பார்கள், ஆகவே இரண்டு மட்டும்.

சுவீடனில் 'வாசா' என்ற போர்க்கப்பல். 1628 ஆகஸ்ட் 10ஆம் தேதி, முதல் பயணத்திலேயே, ஸ்டாக்ஹோம் துறைமுகத்தில் ஒன்றரை கிலோமீட்டர்கூடப் போகாமல் ஒரு காற்றுக்குச் சாய்ந்து மூழ்கியது. 333 வருடம் கழித்து, 1961இல் தூக்கினார்கள். அதன் சிற்பங்களைப் பார்க்கத்தான் கூட்டம் போகிறது. என்னைக் கேட்டால் அந்தக் கப்பலில் கிடைத்த நான்கு அளவுகோல்கள்தான் உண்மையான புதையல். இரண்டு சுவீடன் அடிக்கோல், இரண்டு ஆம்ஸ்டர்டாம் அடிக்கோல். இரண்டுக்கும் நீளம் வேறு. ஒரே கப்பலில் ஒரு தச்சன் ஓர் அடியாலும் இன்னொரு தச்சன் இன்னோர் அடியாலும் அளந்து வெட்டியிருக்கிறார்கள். கப்பலின் இரண்டு பக்கமும் சமமாக இல்லை என்பதை அளந்தே காட்டியிருக்கிறார்கள். தச்சனின் கோலை எடுத்துப் பத்திரப்படுத்தியதால்தான் இந்தக் கதை தெரிந்தது. நம் ஊரில் முழக்கோலைப் பழைய இரும்புக்காரனுக்குக்கூடப் போட மாட்டோம், அடுப்புக்குள்தான்.

இரண்டாவது டென்மார்க்கின் ரோஸ்கில்ட. கடலுக்குள் கற்களைப் போட்டு மூழ்கடித்திருந்த ஐந்து வைக்கிங் கப்பல்களை 1962இல் எடுத்தார்கள். கூடம் கட்டி அவற்றை வைத்ததோடு நிறுத்தவில்லை. அருங்காட்சியகத்தை ஒட்டியே ஒரு கப்பல் கட்டும் கொட்டகை போட்டார்கள். பழைய கோடாரி மாதிரியே கோடாரி செய்து, மரத்தைப் பிளந்து, அந்தக் கலங்களை மறுபடி கட்டினார்கள். அவற்றில் ஒன்றான 'கடலின் ஆண்குதிரை' என்ற பொருள் தரும் பெயர் வைத்த நீளக் கப்பலை 2007இல் டப்ளினுக்கே ஓட்டிப் போனார்கள். பார்க்க வருகிற பிள்ளைகள் கண்ணாடிப் பெட்டியை விட அந்தக் கொட்டகையில்தான் நிற்பார்கள் என்று எனக்குப் போகாமலே தெரியும். உளிச் சத்தம் கேட்கிற இடத்தில் நின்றுகொண்டே வளர்ந்தவன் நான்.

நம் நாட்டிலும் ஒரு முயற்சி நடந்திருக்கிறது. அஜந்தா ஓவியத்தில் உள்ள ஐந்தாம் நூற்றாண்டுக் கப்பலைப் பார்த்து, கேரளத்து ஓடாவி பாபு சங்கரன் தலைமையில் கோவாவில் கயிற்றால் தைத்துக் கட்டிய 'கௌண்டின்யா'. 2025 மே மாதம் கார்வாரில் கடற்படையில் சேர்ந்தது; அந்த ஆண்டு டிசம்பர் 29 அன்று போர்பந்தரிலிருந்து எஞ்சின் இல்லாமல் கிளம்பி மஸ்கட் போய்ச் சேர்ந்தது. வரைபடம் எதுவும் கிடைக்காது என்பதை ஒப்புக்கொண்டு, ஓவியத்திலிருந்து ஊகித்து, அந்த ஊகம் தண்ணீரில் நிற்குமா என்று சென்னை ஐஐடியில் மாதிரி வைத்துச் சோதித்தார்கள். ஊகிப்பதில் பிழையே இல்லை. ஊகத்தை ஊகம் என்று எழுதி வையுங்கள் என்பதுதான் என் வேண்டுதல். அதோடு அவர்கள் ஓவியத்தோடு நிற்கவில்லை என்பதையும் பாருங்கள். உயிரோடு இருக்கிற ஒரு ஓடாவியின் கையிலிருந்து தொடங்கினார்கள். ஓவியம் உருவத்தைத்தான் தந்தது. தையலைத் தந்தது கை.

ஆகவே நான் கேட்பது இது. முதல் செங்கல் வைக்கும் முன் ஒரு வத்தை கட்டச் சொல்லுங்கள். முழு அளவில், பாய்மரத்தோடு, குறுக்குப் பலகையோடு. தேவிபட்டினம் முதல் முத்துப்பேட்டை வரை கரையோரம் விசாரித்தால் பழைய ஓடாவிகளில் மிச்சமிருப்பவர்களைக் கண்டுபிடித்துவிடலாம். 2004 சுனாமிக்குப் பிறகு நிவாரணமாக வந்து இறங்கிய பைபர் படகுகளோடு அவர்கள் பிழைப்பு பெரும்பாலும் முடிந்துபோயிற்று. உளியைக் கீழே வைத்துவிட்டு மகன் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருப்பார்கள். பைபரை நான் குறை சொல்லவில்லை. நானும் மீனவனாக இருந்தால் பைபர்தான் வாங்குவேன். பலகை இடுக்கை அடைக்கக் கலபத்து அடிக்க வேண்டாம், புழு அரிக்காது, நாலு பேர் தூக்கிக் கரையேற்றலாம். ஆனால் அது வந்த வேகத்தில் ஓடாவி மகனுக்குக் கற்றுக்கொடுப்பது நின்றுவிட்டது.

கட்டும்போது ஒவ்வொரு நாளையும் படம் பிடியுங்கள். எந்த மரம், எந்தக் கிளை, எந்த நாளில் ஏரா போட்டார்கள், பூசைக்கு என்ன வைத்தார்கள் என்பது வரை. மரத்தில் நல்ல குறி கெட்ட குறி பார்ப்பதும் நாள் பார்ப்பதும் மூடநம்பிக்கை என்று ஒதுக்கிவிடாதீர்கள். சென்னை அரசு கீழ்த்திசைச் சுவடிகள் நூலகம் 1950இல் அச்சிட்ட கப்பல் சாத்திரச் சுவடியிலும் இந்தச் சங்கதிகளுக்கு நிறைய இடம் உண்டு. மரத்தில் முடிச்சு எங்கே இருந்தால் கலத்துக்கு ஆகாது என்பது ஒருவனுக்குச் சகுனம், இன்னொருவனுக்குப் பொறியியல். அவர்கள் பேசும்போது வருகிற சொல்லைத் திருத்தாமல் அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். அகராதியில் இல்லாத சொல் வந்தால் அகராதியின் குறை அது.

இன்னொன்று, கொஞ்சம் கூச்சத்தோடு. அந்த ஓடாவிக்கு எப்படிப் பணம் கொடுப்பீர்கள்? ஒருமுறை வெளியூரிலிருந்து ஒரு நிறுவனத்தார் மாதிரிக் கப்பல் செய்ய எங்கள் பக்கத்து ஓடாவி ஒருவரை அழைத்துப் போனார்கள். நிறுவனத்தின் பெயர் வேண்டாம். கப்பலுக்கு முன் நின்று பேசியவர்களுக்கு விமான டிக்கெட்டும் பொன்னாடையும். ஓடாவிக்கு ஆசாரிக் கூலி, அதுவும் மூன்று மாதம் கழித்து, இரண்டு முறை ஆதார் நகல் கேட்டு. பெயர்ப் பலகையில் வடிவமைப்பு என்ற இடத்தில் வேறொருவர் பெயர். திரும்பி வந்து அவர் என்னிடம் சொன்னது, "நான் கூப்பிட்டதுக்குப் போனேன், நம்ம வேலைதானேன்னு. அடுத்த தடவை கூப்பிட்டா உளி காணாமப் போச்சுன்னு சொல்லிருவேன்." பேராசிரியருக்கு என்ன மதிப்பூதியமோ அதையே ஓடாவிக்கும் கொடுங்கள். டெண்டர் விதியில் இடமில்லை என்று கணக்குப் பிரிவு சொல்லும். நானும் கணக்குப் பிரிவில் இருந்தவன்தான், இடம் உண்டாக்க முடியும்.

வத்தை முடிந்த பிறகு அதற்குப் பக்கத்தில் அழகன்குளத்து ஓடு, காசு, பூம்புகார் ஈயக்கட்டி, அன்னபூரணி என்று பின்னோக்கிப் போகலாம். கடைசிக் கூடத்தில், சோழன் கலம் இருக்க வேண்டிய இடத்தில், இராசேந்திரனின் மெய்க்கீர்த்தி வரியை மட்டும் சுவரில் எழுதி, தரையைக் காலியாக விட்டுவிடுங்கள். கீழே ஒரு அட்டை: 'இந்தக் கலத்தின் உருவம் இதுவரை கிடைக்கவில்லை.' வருகிற பிள்ளைகளில் ஒன்றாவது அந்தக் காலி இடத்தைப் பார்த்து ஏன் என்று கேட்கும். சிமென்ட் கப்பலைப் பார்த்த பிள்ளை எதையும் கேட்காது. செல்பி எடுத்துக்கொண்டு ஐஸ் வாங்கப் போய்விடும்.

இனி அந்தப் பலகை.

தாத்தா இறந்த பிறகு கொட்டகையைப் பிரித்தார்கள். மரமெல்லாம் விறகாயிற்று. பலகை மட்டும் நல்ல வைரம் பாய்ந்த மரம் என்று மாமா ஆட்டுக்கொட்டிலுக்குத் தடுப்பாக வைத்துவிட்டார். எனக்கு விவரம் தெரிந்து நான் போய்ப் பார்த்தபோது இருபது வருடமாக ஆடுகள் உரசி உரசி ஒரு பக்கத்துக் கோடுகள் மழுங்கியிருந்தன. மீதியைக் கழுவி, வேப்பெண்ணெய் தடவி, இப்போது என் வீட்டுப் பரணில் வைத்திருக்கிறேன். பதினொரு வளைவு தெளிவாகத் தெரிகிறது. ஓரத்து வெட்டுக்குறிகள் பெரும்பாலும் தப்பிவிட்டன. அவற்றைப் படிக்க எனக்குத் தெரியாது.

அதை உங்கள் அருங்காட்சியகத்துக்குத் தருகிறேன். விலை எதுவும் வேண்டாம். ஆனால் கண்ணாடிப் பெட்டிக்குள் போடுவதற்கு முன்னால், அதைப் படிக்கத் தெரிந்த ஓடாவி ஒருவரைத் தேடி அவர் முன்னால் தரையில் விரித்து வைக்க வேண்டும். அந்த அரை நாளுக்கு நானும் பக்கத்தில் உட்கார அனுமதி வேண்டும். எங்கள் பக்கம் அப்படி ஒருவர் இருக்கிறார் என்று கேள்வி. வயது எண்பதைத் தாண்டிவிட்டது, காது கொஞ்சம் மந்தம். பலகை ஏழடி என்பதால் பேருந்தில் ஏற்ற முடியாது. குட்டியானை வண்டிக்கு நானே சொல்லிவிடுகிறேன்.

இப்படிக்கு,
தொண்டிக் கரையிலிருந்து ஓர் ஓடாவியின் பேரன்